அண்ணன் உட்கார்ந்துவிட்டார்

அவரோடு ஒரு காரியமாகப் போனால் அன்றைய பொழுது அதோடு சரி. கட்சிக்காரர்கள் எல்லோருக்கும் இது தெரியும். கிளம்பும்போதே வீட்டில், அண்ணன் கூடப் போறேன், மதியச் சோத்துக்குப் பார்க்க வேண்டாம் என்று சொல்லிவிட்டுத்தான் வருவார்கள். போன இடத்தில் அவர் சத்தம் போட மாட்டார். மேசையைத் தட்ட மாட்டார். மனுவை நீட்டுவார், சொல்ல வேண்டியதை ரெண்டு வாக்கியத்தில் சொல்வார், பிறகு பெஞ்சோ தரையோ கிடைத்த இடத்தில் உட்கார்ந்துவிடுவார். காரியம் ஒரு முடிவுக்கு வரும்வரை எழுந்திருக்க மாட்டார்.

"அண்ணன் உட்கார்ந்துட்டாரு" என்று யாராவது போனில் சொன்னால் எங்களுக்கு அதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. தண்ணீர் பாட்டிலும் பிஸ்கட்டும் வாங்கிக்கொண்டு இன்னும் சிலர் போய் அவர் பக்கத்தில் உட்கார வேண்டும். அலுப்பாக இருக்கும். கால் மரத்துப்போகும். பேசுவதற்கு ஒன்றும் இருக்காது. என் முழங்காலுக்கு இப்போது வைத்தியம் பார்க்கிற டாக்டர், தரையில் அதிகம் உட்கார்கிற வேலையா பார்த்தீர்கள் என்று கேட்டார். கல்லூரி நூலகத்தில் வேலை என்றேன். கட்சி வேலை என்று சொல்லியிருக்க வேண்டும்.

பழங்காநத்தத்தில் ஒரு பஞ்சர் கடைக்கு மேலே இருந்த ஒற்றை அறைதான் எங்கள் அலுவலகம். தமிழ்த் தேசியம் பேசுகிற சின்னக் கட்சி. தமிழில் படிப்பு, தமிழில் நீதிமன்றம், உள்ளூர் வேலை உள்ளூர்ப் பிள்ளைகளுக்கு, சாதி பார்க்காத தமிழர் என்று நாலைந்து கோரிக்கைகள். அவற்றைச் சுவரில் எழுதி எழுதியே எங்களுக்கு வயதாகிவிட்டது. அந்தக் கட்சிக்கு அவர்தான் மாவட்டத் தலைவர்.

அவர் பட்டாணி முஸ்லிம். தாத்தா கைபர் கணவாய்க்கு அந்தப் பக்கத்து மலை ஊர் ஒன்றிலிருந்து பெருங்காயம் விற்க வந்தவர், மதுரையில் பெண் எடுத்துத் தங்கிவிட்டார். அப்பா போலீசில் ஏட்டு. இவர் கல்லூரியில் படிக்கும்போது ஒரு மொழிப் போராட்டத்தில் சிறைக்குப் போய்ப் படிப்பை விட்டவர். அப்பா வேலை பார்த்த ஸ்டேஷனிலேயே மகனை ஒரு ராத்திரி வைத்திருந்தார்களாம். அப்பா அன்று விடுப்பு எழுதிக்கொடுத்துவிட்டு வீட்டுக்குப் போய்விட்டார் என்று பழைய ஆட்கள் சொல்வார்கள்.

ஆள் நல்ல உயரம். வெளுத்த நிறம், பூனைக்கண். கிராமங்களுக்குப் போனால் வடக்கிலிருந்து கம்பளி விற்க வந்தவர் என்று பிள்ளைகள் பின்னாலேயே வரும். அவர் திரும்பி, "ஏத்தா, பஸ்சு எம்புட்டு நேரமா வரல?" என்று கேட்டதும் அவை வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கும்.

விடுதியில் தங்கிப் படித்த காலத்தில் ஒரு தெருமுனைக் கூட்டத்தில்தான் அவரை முதலில் பார்த்தேன். பேச்சு சுமார்தான். நடுவில் கூட்டத்திலிருந்து ஒருவர், பாய் வீட்டில் என்ன பாஷை பேசுகிறார் என்று கேட்டார். சிலர் சிரித்தார்கள். மழுப்புவார் என்று நினைத்தேன்.

"உருதுதான். எங்கம்மாவுக்குத் தமிழ் அம்புட்டா வராது. அது அவங்க பாஷை, அதையும் யாரும் பிடுங்கக் கூடாது" என்று சொல்லிவிட்டு, விட்ட இடத்திலிருந்து பேச்சைத் தொடர்ந்தார்.

நான் கொட்டாம்பட்டிப் பக்கம் ஒரு ஊரின் காலனியில் பிறந்தவள். அப்பாவும் அம்மாவும் அடுத்தவர் நிலத்தில் வேலை செய்தவர்கள். அப்பா கடைசிக் காலத்தில்தான் சொந்தமாகக் கொஞ்சம் நிலம் வாங்கினார். மேடையில் தமிழர் என்று யாராவது சொல்லும்போது அதில் என்னையும் சேர்த்துத்தான் சொல்கிறார்களா என்ற சந்தேகம் எனக்கு எப்போதும் உண்டு. அவரைப் பற்றியும் ஊரில் எல்லோருக்கும் அதே சந்தேகம் இருந்தது. அதனால்தான் அவரை நம்பினேன் என்று நினைக்கிறேன்.

சட்டமன்றத்துக்கு நின்ற தடவையெல்லாம் தோற்றார். ஒரே ஒரு முறை மாநகராட்சிக் கவுன்சிலர் ஆனார். அது கட்சிக்கு விழுந்த ஓட்டு அல்ல, டீச்சருக்கு விழுந்த ஓட்டு. டீச்சர் என்றால் அவர் மனைவி. மாநகராட்சிப் பள்ளியில் கணக்கு டீச்சர். அந்த வார்டில் பாதிப் பேர் அவரிடம் படித்தவர்கள். வீடு நடந்ததும் அவர் சம்பளத்தில்தான்.

கவுன்சிலராக இருந்தபோது எங்கள் பகுதியில் குடிதண்ணீரில் சாக்கடை கலந்து வந்தது. அண்ணன் ஒரு பாட்டிலில் அந்தத் தண்ணீரைப் பிடித்துக்கொண்டு பொறியாளர் அலுவலகம் போனார். பொறியாளர், ஆள் அனுப்புகிறேன், நீங்கள் கிளம்புங்கள் என்றார். அண்ணன் பீரோவுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். நானும் உட்கார்ந்தேன். கவுன்சிலர் தரையில் இருக்கும்போது நாற்காலியில் இருக்க முடியாமல் பொறியாளர் எழுந்து நின்றே கோப்பு பார்த்தார். மதியம் அவர் டிபன் பாக்ஸைத் திறந்து, எங்களைப் பார்த்து, மூடிவிட்டார். "சாப்பிடுங்க சார், உங்க மேல கோவம் ஒண்ணும் இல்ல" என்றார் அண்ணன். கடைசியில் எலுமிச்சைச் சோற்றை மூன்று பேரும் பங்கு வைத்துச் சாப்பிட்டோம். சாயங்காலம் பொக்லைன் எந்திரம் வந்து குழாய் இருக்கும் தெருவைத் தோண்டத் தொடங்கிவிட்டது என்று போன் வந்த பிறகுதான் எழுந்தார். பொறியாளர் கை கொடுத்துத் தூக்கிவிட்டார்.

எல்லா இடமும் இப்படி முடியாது. எங்கள் பையன்கள் மூன்று பேர் ஒரு அலுவலகத்தின் பெயர்ப்பலகையில் இந்தி எழுத்தை மட்டும் தார் பூசி அழித்ததற்காகப் பிடிபட்டார்கள். உள்ளே அடிக்கிற சத்தம் வெளியே கேட்டது. அண்ணன் ஸ்டேஷன் பெஞ்சில் போய் உட்கார்ந்தார். இன்ஸ்பெக்டர் வந்து, ஏட்டய்யா மகன் என்பதால் மரியாதையாகச் சொல்கிறேன், எழுந்து போங்கள் என்றார். அண்ணன் எழவில்லை. ஒரு போலீஸ்காரர் பெஞ்சையே பின்னாலிருந்து தூக்கிச் சாய்த்தார். அண்ணன் கீழே சரிந்தார். சரிந்த இடத்திலேயே உட்கார்ந்துகொண்டார். உள்ளே சத்தம் நின்றது. அதற்குத்தான் உட்கார்ந்தாரா என்று தெரியாது, ஆனால் நின்றது.

திரும்பும்போது டவுன் பஸ்ஸில் நான் கேட்டேன், இப்படி உட்காருவதை எங்கே கற்றீர்கள் என்று. தாத்தா சொன்ன கதை என்றார். தாத்தா ஊர்ப்பக்கம், எல்லோர் வீட்டிலும் துப்பாக்கி இருக்கிற மலையில், துப்பாக்கியைத் தொட மாட்டோம் என்று சத்தியம் செய்து போராடிய ஒரு கூட்டம் இருந்ததாம். வெள்ளைக்காரப் பட்டாளம் சுடக் குறி வைக்கும்போது அவர்கள் அப்படியே தரையில் உட்காருவார்களாம். சுதந்திரம் வந்த பிறகும் தங்கள் மொழியையும் மண்ணையும் கேட்டதற்காக அவர்களைப் புது அரசாங்கமும் சிறையில் போட்டதாம். தாத்தாவின் அண்ணன் ஒருவர் அதில் இருந்தாராம், ஆயுசில் பாதி ஜெயிலாம்.

"அந்த ரத்தம்ல" என்று சொல்லிச் சிரித்தார். சட்டைப் பின்பக்கமெல்லாம் ஸ்டேஷன் தூசி. எனக்கு அன்று அது பெரிய கதையாக இருந்தது. அதைப் பல மேடைகளில் நானே சொல்லியிருக்கிறேன்.

என் அப்பா ஐப்பசியில் செத்துப்போனார். விடாத மழை. எங்கள் ஊரில் சுடுகாடு கண்மாய்க் கரையில் இருக்கிறது. காலனியிலிருந்து நேராகப் போனால் ஊர்த்தெரு வழியாகப் போக வேண்டும். அந்தத் தெருவில் நாங்கள் நடக்கலாம், கடையில் சாமான் வாங்கலாம், எங்கள் பிணம் மட்டும் போகக் கூடாது. வயல் வரப்பில் சுற்றி ஓடையில் இறங்கித்தான் கொண்டுபோவோம். அன்று ஓடை நெஞ்சுயரம் ஓடியது.

நான்தான் அவருக்குப் போன் செய்தேன். "வாரேன்" என்றார். வேறு ஒன்றும் கேட்கவில்லை. இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு பஸ்ஸில் வந்து இறங்கினார். நனைந்திருந்தார். அப்பாவைப் பாடையில் தூக்கிக்கொண்டு தெருமுனைக்கு வந்தோம். எதிரே ஊர்க்காரர்கள் நின்றார்கள். முன்னால் நின்றவர் ராசு அண்ணன்.

ராசு அண்ணன் எங்கள் கட்சிக்காரர். அந்த ஊர்க் கிளைச் செயலாளர். ஊர்த்தெருவில் நாலு தலைமுறையாக விவசாயம் பார்க்கிற குடும்பம். அந்த வட்டாரத்தில் கட்சி என்று ஒன்று இருந்ததே அவரால்தான். மாநாட்டுக்கு அவர் டிராக்டரில்தான் ஆள் போகும். என் கல்லூரிச் சேர்க்கைக்குப் பரிந்துரைக் கடிதத்தோடு கூட வந்தவரும் அவர்தான். அவர் வழியை மறித்து நிற்பார் என்று நான் நினைக்கவில்லை. அவரும் நினைத்திருக்க மாட்டார். தெருவில் மற்றவர்கள் அவரை முன்னால் தள்ளி நிறுத்தியிருந்தார்கள் என்பது அவர் முகத்திலேயே தெரிந்தது.

பாடையை இறக்கினோம். தார்ப்பாய் ஒன்றை நாலு பேர் மேலே பிடித்துக்கொண்டார்கள். அண்ணன் ராசு அண்ணனைப் பார்த்தார், பின்னால் இருந்த ஆட்களைப் பார்த்தார், பிறகு சேற்றில் அப்பாவின் தலைமாட்டில் உட்கார்ந்துவிட்டார்.

ராசு அண்ணன் பக்கத்தில் வந்து குனிந்தார். எனக்குக் கேட்கிற தூரம்தான்.

"அண்ணே, எந்திரிங்க. இன்னைக்கு ஒரு நாள் எந்திரிச்சுப் போயிருங்க. நான் பேசிப் பொறுமையா முடிச்சுத் தாரேன். நீங்க உட்கார்ந்தீங்கன்னா இந்த ஊர்ல கட்சி இருக்காது. என்னாலயும் இருக்க முடியாது."

அண்ணன் முகத்தைத் தூக்கவில்லை. ராசு அண்ணன் கொஞ்ச நேரம் குனிந்தபடியே நின்றார். பிறகு தோள் துண்டை எடுத்து, அதில் குத்தியிருந்த கட்சி பேட்ஜைக் கழற்றி, அண்ணன் மடியில் வைத்துவிட்டுப் பின்னால் போய் நின்றுகொண்டார்.

அதற்கப்புறம் கல் வந்தது. ஒன்று தார்ப்பாயில் விழுந்து உருண்டது. ஒன்று அண்ணனின் புருவத்தில் பட்டது. ரத்தம் மழையோடு சேர்ந்து சட்டையில் இறங்கியது. எங்கள் பையன்கள் பதிலுக்குக் கல் எடுத்தார்கள். அவர் கையை மட்டும் உயர்த்தி வேண்டாம் என்றார். தாசில்தாரும் போலீசும் வந்து சேர மாலை ஆகிவிட்டது. அதுவரை அப்பா மழைக்குள் கிடந்தார். கடைசியில் போலீஸ் இரண்டு பக்கமும் நிற்க, ஊர்த்தெரு வழியாக அப்பாவைக் கொண்டுபோனார்கள். எல்லாக் கதவும் சாத்தியிருந்தது. எங்கள் ஊரில் அந்தத் தெரு வழியாகப் போன முதல் காலனிப் பிணம் என் அப்பா.

மறுநாள் கட்சிக்காரர்கள் இதை வெற்றி என்று போஸ்டர் அடித்தார்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். அம்மா மட்டும் மூலையில் உட்கார்ந்தபடி என்னிடம் சொன்னாள்.

"உங்கப்பன் உசுரோட இருக்கையில இந்தத் தெருவுல அவரை ஒருத்தனும் நிறுத்தி வச்சதில்ல. செத்தப்புறம் நீங்க நாள் பூரா நிறுத்தி வச்சிட்டீங்க."



ஊர்த்தெருவிலிருந்து கட்சியில் இருந்தவர்கள் மொத்தமாக விலகினார்கள். அந்த வட்டாரமே எங்களுக்கு இல்லாமல் போனது. சில மாதம் கழித்து தாலுகா ஆபீசில் அமைதிப் பேச்சுவார்த்தை. காலனிப் பெரியவர்கள், ஊர்ப் பெரியவர்கள், நடுவில் அண்ணன். இரண்டு தரப்பும் சேர்ந்து அவரைத்தான் நடுவில் இருக்கச் சொன்னார்கள். எந்தச் சாதியும் இல்லாத ஆள் என்பதால் இருக்கலாம். காலனிக்குத் தனியாக ஒரு மண்பாதை, ஓடைக்கு மேல் பாலம், அரசு செலவில், இனிக் காலனிப் பிணம் ஊர்த்தெருவுக்கு வரக் கூடாது என்று முடிவானது. அண்ணன் அதில் கையெழுத்துப் போட்டார்.

நான் அலுவலகத்துக்குப் போவதை நிறுத்தினேன். அவர் கூப்பிட்டபோதும் நான் போனை எடுக்கவில்லை. ஒருநாள் கல்லூரிக் காவலாளி நூலகத்துக்கு வந்து, வாசலில் ஒருவர் காலையிலிருந்து உட்கார்ந்திருக்கிறார், எழுந்திருக்க மாட்டேன் என்கிறார் என்றார். யார் என்று நான் கேட்கவில்லை. மதியம் வரை போகவும் இல்லை. பிறகு போனேன். பார்வையாளர் பெஞ்சில், புருவத்தில் வடுவோடு இருந்தார். நான் தள்ளி உட்கார்ந்தேன்.

"எதுக்குண்ணே கையெழுத்துப் போட்டீங்க?"

"இன்னொரு சாவு விழுந்தா யார் வந்து உட்கார்றது, தங்கச்சி?"

"நீங்க வருவீங்கன்னு நெனச்சோம்."

"எம்புட்டு நாளைக்கு? எனக்கப்புறம்? பாதைன்னு ஒண்ணு இருந்தா யாரும் வரத் தேவையில்ல. மழையில கெடக்க வேண்டியதில்ல."

"அது தனிப் பாதைண்ணே."

"ஆமா. தனிப் பாதைதான்" என்றார். "வேற எனக்குத் தெரியல."

மழையில் கிடக்க வேண்டியதில்லை என்று அவர் சொன்னபோது அம்மாவின் முகம்தான் எனக்குத் தெரிந்தது. அவர் செய்தது சரியா என்று அன்று முடிவு செய்ய முடியவில்லை. காண்டீனில் டீ வாங்கிக்கொடுத்தேன். மறுவாரம் அலுவலகத்துக்குப் போனேன். பழையபடி இல்லை. முன்பெல்லாம் அவர் பேசும்போது நான் குறுக்கே பேச மாட்டேன், பிறகு பேசினேன். அவர் அதற்கு வருத்தப்படவில்லை.

கட்சி அவரை வெளியே தள்ளியது அதற்குப் பிறகுதான். சென்னைத் தலைமைக்குப் புது ஆட்கள் வந்திருந்தார்கள். மூதாதையர் தமிழராக இருப்பவர்களே பொறுப்பில் இருக்கலாம் என்று ஒரு தீர்மானம். பொதுக்குழுவை மதுரையிலேயே ஒரு கல்யாண மண்டபத்தில் வைத்தார்கள். அவர் வயதில் பாதிகூட இருக்காத ஒரு தம்பி மைக்கைப் பிடித்து, பட்டாணிக்கு இங்கே என்ன தேசியம் என்று கேட்டான். கைதட்டினார்கள். அவருக்காக யாராவது எழுந்து பேசுவார்கள் என்று சுற்றிப் பார்த்தேன். ஸ்டேஷனில் அவர் உட்கார்ந்து மீட்ட மூன்று பேரில் ஒருவன் முன்வரிசையில் இருந்தான். அவன் தன் செல்போனைப் பார்த்துக்கொண்டிருந்தான். நான் எழுந்து பேசினேன். மைக்கை அணைத்துவிட்டார்கள்.

தீர்மானம் நிறைவேறியது. எல்லோரும் சாப்பாட்டுக்குப் போனார்கள். அண்ணன் நாற்காலியில் அப்படியே இருந்தார். அன்று மாலை ஒரு கல்யாண வரவேற்புக்கு மேடை ஜோடிக்க ஆட்கள் வந்தார்கள். நாற்காலிகளை அடுக்கிக்கொண்டே எங்கள் வரிசைக்கு வந்த பெண், சார் இதையும் எடுக்கணும் என்றாள். முடிவுக்குக் காத்திருப்பதற்கு அங்கே ஒன்றும் இல்லை. அப்போதும் அவர் உடனே எழவில்லை. பிறகு என் தோளைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். "பஸ் இருக்கா பாரு தங்கச்சி" என்றார். அதற்கு மேல் அதைப் பற்றி என்றைக்கும் பேசவில்லை.

கடைசியாக ஒரு தேர்தலில் சுயேச்சையாக நின்றார். நிற்க வேண்டாம் என்று டீச்சரும் நானும் சொன்னோம். எங்கள் ஊருக்கும் ஓட்டுக் கேட்க வந்தார். ஊர்த்தெருவில் தண்ணீர் கொடுத்தார்கள். காலனியில் டீ கொடுத்தார்கள். ஊர்த்தெரு அவருக்குப் போடாது என்பது தெரிந்ததுதான். காலனியும் போடவில்லை. தனிப் பாதைக்குக் கையெழுத்துப் போட்டவர் என்று இளவட்டங்கள் சொன்னார்கள். அவர்கள் இப்போது அந்தப் பாதையில் மோட்டார் சைக்கிளில் போய்த்தான் வருகிறார்கள். அதைச் சொல்லிக்காட்டவும் எனக்குத் தெம்பு இல்லை.

பிறகு சர்க்கரை வியாதி அவரை வீட்டிலேயே உட்கார வைத்தது. ஒரு காலில் இரண்டு விரலை எடுத்தார்கள். மாதம் ஒருமுறை போய்ப் பார்ப்பேன். டிவியில் செய்தி ஓடும், சத்தம் இருக்காது. தாத்தா ஊர்ப்பக்கம் குண்டு வெடித்ததாகச் செய்தி வந்தால் மட்டும் சத்தத்தைக் கூட்டச் சொல்வார். அந்த நாட்டில் அவருக்கு ஒருவரையும் தெரியாது.

போன பங்குனியில் ஒரு விடியற்காலை இறந்துபோனார். நான் போனபோது உள்ளறையில் டீச்சர் வெள்ளைத் துப்பட்டா போட்டுக்கொண்டு தரையில் இருந்தார். சுற்றிச் சொந்தக்காரப் பெண்கள். கூடத்தில் ஆண்கள் மய்யித்தைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தார்கள். நான் பக்கத்தில் உட்கார்ந்தேன். எல்லோரும் சொல்வதையே சொன்னேன். அண்ணன் மாதிரி தைரியம் யாருக்கும் வராது, கல் எறிந்தும் அசையாமல் உட்கார்ந்தவர், அந்த மலை ஊர்க்காரர்களின் ரத்தம் என்றேன்.

டீச்சர் என்னைப் பார்த்தார். நாற்பது வருடம் கணக்கு நடத்தியவருக்குப் பிள்ளைகள் தப்பாகப் போட்டால் வருகிற அலுப்பு அந்த முகத்தில் இருந்தது.

"தைரியமா? அவருக்குக் கால் நடுங்கும்மா" என்றார். "சின்ன வயசுல இருந்தே. யாராவது எதுத்து நின்னா முட்டி ரெண்டும் ஆட ஆரம்பிச்சிரும். நின்னா எல்லாருக்கும் தெரிஞ்சிரும்னு உட்கார்ந்துருவாரு."



"தாத்தா கதையெல்லாம் அப்புறம் சேத்துக்கிட்டது. உங்கப்பா செத்தன்னைக்கு வீட்டுக்கு வந்து அழுதாரு. ராசு வந்து எந்திரிங்கன்னு கேட்டானாம்ல. எந்திரிச்சிரலாம்னுதான் நெனச்சாராம். கால் வரலையாம். எந்திரிச்சா விழுந்துருவேன், தங்கச்சி பாத்துரும்னு அப்படியே இருந்துட்டேன்னு சொன்னாரு."

வெளியே பக்கெட்டில் தண்ணீர் ஊற்றுகிற சத்தம் கேட்டது. ஒரு பெண் டீ கொண்டுவந்தாள். டீச்சர் வேண்டாம் என்றார். நான் வாங்கிக்கொண்டேன். கோபப்பட வேண்டுமா என்று யோசித்துப் பார்த்தேன். அவர் எழுந்து போயிருந்தால் அப்பா ஓடையில்தான் போயிருப்பார். ராசு அண்ணன் கட்சியில் இருந்திருப்பார். அம்மாவுக்கு அந்தக் குறை இருந்திருக்காது. எதைக் கூட்டி எதைக் கழிப்பது என்று தெரியவில்லை. இப்போது தோன்றுவது ஒன்றுதான். கால் அப்படி நடுங்குகிற மனிதர், கூப்பிட்ட இடத்துக்கெல்லாம் போயிருக்கிறார். போகாமல் இருந்திருக்கலாம். போன் வந்ததும் வாரேன் என்று சொல்லிவிட்டு பஸ் ஏறியிருக்கிறார். அன்று இதெல்லாம் தோன்றவில்லை. டீ ஆறிப்போனது.

அஸர் தொழுகைக்குப் பிறகு அடக்கம். பெண்கள் மையவாடிக்குப் போக மாட்டார்கள். டீச்சர் இனி இத்தா என்கிற துக்கக் காலம் முடியும்வரை வாசலைத் தாண்டக் கூடாது. கலிமா சொல்லிக்கொண்டு சந்தூக்கைத் தூக்கினார்கள். பெண்கள் வாசல்வரை எழுந்து போனார்கள். டீச்சர் எழவில்லை. என் கையைப் பிடித்து, "நீ போயி தெருமுனை வரைக்கும் நின்னு பாத்துட்டு வா" என்றார்.

போனேன். பழங்காநத்தத்தில் சாயங்கால நெரிசல். ஆட்டோக்கள் ஹாரன் அடித்துக்கொண்டு ஒதுங்கின. ஜமாத்தார் கொஞ்சம் பேர், டீச்சரின் பழைய மாணவர்கள் சிலர், கட்சியில் மிச்சம் இருந்த இரண்டு மூன்று பேர். கட்சிக் கொடி இல்லை. மருந்துக்கடை ஓரமாக ராசு அண்ணன் நின்றிருந்தார். நன்றாக நரைத்துவிட்டது. செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்திருந்தார். என்னைப் பார்த்துத் தலையை ஆட்டினார். கூட்டம் தாண்டியதும் செருப்பைக் கடை வாசலில் வைத்துவிட்டு வெறுங்காலோடு பின்னாலேயே நடந்தார். பக்கத்தில் போய்ச் சேர்ந்துகொள்ளவில்லை, நாலு எட்டு விட்டுத்தான் நடந்தார். அவர்கள் அடுத்த திருப்பத்தில் மறையும்வரை பார்த்துக்கொண்டு நின்றேன். அடுத்த நிமிடம் பஸ்ஸும் வண்டியுமாகத் தெரு பழையபடி ஆகிவிட்டது.

திரும்பி வந்தபோது டீச்சர் அதே இடத்தில் இருந்தார்.

"எம்புட்டுப் பேரு வந்திருந்தாங்க?" என்று கேட்டார்.

"தெரு கொள்ளல டீச்சர்" என்றேன்.